கேமராவைக் கடைசியில் வாங்குங்கள்: நெல்லைச் சீமையில் ஆவணப்பட ஒளிப்பதிவுக்கு வருகிறவர்களுக்கு

ஆவணப்பட ஒளிப்பதிவாளர் ஆவது என்று பாளையங்கோட்டையில் உட்கார்ந்து முடிவெடுத்தபோது, முதல் படியாக எனக்குத் தோன்றியது கேமரா வாங்குவதுதான். வீட்டு நகையை அடகு வைத்து வாங்கினேன். அடுத்த ஓராண்டில் கேமரா சரியில்லாததால் நின்றுபோன வேலை ஒன்றுகூடக் கிடையாது. அனுமதிக் கடிதம் இல்லாமல் ஒன்று நின்றது, காற்றிரைச்சலில் ஒலி கெட்டு ஒன்று வீணானது, கையெழுத்து வாங்காததால் ஒன்றை வெளியே காட்ட முடியவில்லை. நான் கற்ற வரிசையில் எழுதினால் நீங்களும் அதே நகையை அடகு வைப்பீர்கள் என்பதால், எது முதலில் நடக்க வேண்டுமோ அதை முதலில் வைத்திருக்கிறேன். எடுத்துக்காட்டுகள் பெரும்பாலும் உடன்குடிப் பக்கத்துத் தேரிக்காட்டில், அதாவது செம்மணல் மேட்டுப் பனங்காட்டில், இரண்டு பருவம் பனையேற்றுத் தொழிலைப் படம்பிடித்த அனுபவத்திலிருந்து வருகின்றன.

1. எங்கே கற்பது

பன்னிரண்டாம் வகுப்பு முடித்தவர்களுக்கு, சென்னை தரமணியில் உள்ள எம்.ஜி.ஆர். அரசு திரைப்படப் பயிற்சி நிறுவனத்தில் ஒளிப்பதிவுக்கென்றே நான்காண்டுப் பட்டப்படிப்பு இருக்கிறது. பட்டம் பெற்றவர்கள் புனே, கொல்கத்தா தேசிய நிறுவனங்களின் நுழைவுத் தேர்வை எழுதலாம். ஊரை விட்டுப் போக முடியாதவர்களுக்கு அபிஷேகப்பட்டியில் மனோன்மணியம் சுந்தரனார் பல்கலைக்கழகத்தின் தொடர்பியல் துறை பக்கத்திலேயே இருக்கிறது. எல்லா இடத்துக்கும் சாதிச் சான்றிதழ், மாற்றுச் சான்றிதழ், மதிப்பெண் பட்டியல் ஆகியவை தேவைப்படும். வருமானச் சான்றிதழ் கேட்கப்பட்டால் கடைசி வாரத்தில் இ-சேவை மையத்துக்கு ஓட வேண்டியிருக்கும் என்பதால், விண்ணப்பம் வெளிவருவதற்கு முன்பே அதையும் எடுத்து வைத்துக்கொள்ளுங்கள்.

படிக்கப் போக வழியில்லாதவர்கள் கல்யாண வீடியோ எடுப்பவரிடம் ஓராண்டு உதவியாளராக இருப்பதை இழிவாக நினைக்க வேண்டாம். தாலி கட்டும் நொடி இரண்டாம் முறை வராது என்பதால், நடப்பது நடக்கும்போதே குவியத்தையும் ஒளியளவையும் சரியாகப் பிடிக்கும் கை அங்கேதான் பழகும். ஆனால் ஒரு பழக்கத்தை அங்கேயே விட்டுவிட்டு வர வேண்டும். மாப்பிள்ளையைத் திரும்ப நடக்கச் சொல்வது போல ஆவணப்படத்தில் யாரையும் திரும்பச் செய்யச் சொல்லக் கூடாது. ஒரு நாளில் பல பத்துப் பனைகளில் காலையும் மாலையும் ஏறி இறங்குகிற மனிதரை இன்னொரு தடவை ஏறச் சொல்வது என்ன கேள்வி என்பதை, நான் கேட்ட பிறகுதான் உணர்ந்தேன்.

பத்து நாளில் ஒளிப்பதிவாளர் ஆக்குகிறோம் என்று முன்பணம் கேட்கும் பயிற்சிகள் ஊருக்கு ஊர் உண்டு. அப்படி ஒன்றில் நான் 18,000 ரூபாய் கட்டினேன். கிடைத்தது ஒரு சான்றிதழ் அட்டை மட்டுமே.

2. வாடகைக்கு எடுத்துப் பாருங்கள்

முதல் இரண்டு படங்களுக்குக் கருவியை வாடகைக்கு எடுங்கள். மதுரையிலிருந்தோ சென்னையிலிருந்தோ வரவழைக்கும்போது வாடகை நாள் எங்கே தொடங்குகிறது என்பதை முதலில் கேட்டுக்கொள்ளுங்கள். பேருந்தில் போட்டுவிட்ட இரவையும் திரும்பி வரும் இரவையும் சில கடைகள் இரண்டு முழு நாளாகக் கணக்கிடும். மூன்று நாள் படப்பிடிப்புக்கு நான் ஐந்து நாள் வாடகை கொடுத்தது அப்படித்தான். பெட்டியைத் திறக்கும்போதே செல்போனில் காணொளி எடுத்து, லென்ஸில் கீறல் இருக்கிறதா என்று பார்த்து, அன்றைக்கே கடைக்கு அனுப்பிவிடுங்கள். ஆதார் அட்டையின் மூலத்தை ஒப்படைக்கச் சொன்னால் மறுத்து, எதற்காகக் கொடுக்கப்பட்டது என்று குறுக்கே எழுதிய நகலை மட்டும் கொடுங்கள்.

சொந்தமாக வாங்கும்போது ஒலிவாங்கிகள், கால்தாங்கி, வன்வட்டுகள், கேமரா என்ற வரிசையில் வாங்குங்கள். சட்டையில் குத்தும் ஒலிவாங்கி, நீண்ட குழல் ஒலிவாங்கி, ஒலிப்பதிவுக் கருவி மூன்றுக்கும் நான் ஏறத்தாழ 45,000 ரூபாய் செலவிட்டேன். இடப்புறமும் வலப்புறமும் வழுக்கிக்கொண்டு திரும்பும் தலையுள்ள கால்தாங்கி 16,000 ஆயிற்று. படம் சற்று மங்கலாக இருந்தால் பார்ப்பவர் பொறுத்துக்கொள்வார், பேச்சு கேட்கவில்லையென்றால் எழுந்து போய்விடுவார். கேமரா பழையதாக இருந்தாலும் பரவாயில்லை. ஆனால் காதுக்கருவி செருகும் துளை அதில் கட்டாயம் இருக்க வேண்டும், இல்லாவிட்டால் என்ன பதிவாகிறது என்று தெரியாமலே ஒரு நாள் முழுவதும் எடுத்துக்கொண்டிருப்பீர்கள்.

3. அனுமதிகள்

அதிக நாள் விழுங்குவது இந்தப் படிதான். படப்பிடிப்புக்குக் குறைந்தது இரண்டு மாதம் முன்பே தொடங்கிவிடுங்கள். பழைய நெல்லைச் சீமை இப்போது மூன்று மாவட்டங்கள். 1986-இல் தூத்துக்குடியும் 2019-இல் தென்காசியும் பிரிந்துவிட்டதால், தென்காசி மாவட்டக் குற்றாலத்துக்கான கடிதத்தைக் கொக்கிரகுளத்தில் உள்ள நெல்லை ஆட்சியர் அலுவலகத்தில் கொடுத்தால் அது மேசையிலேயே கிடக்கும். எந்த ஊர் எந்த மாவட்டம், எந்த வட்டம், எந்தக் காவல் நிலைய எல்லை என்று முதல் நாளே ஒரு தாளில் எழுதிக்கொள்ளுங்கள். அந்தந்த மாவட்ட ஆட்சியர் அலுவலகத்தில் உள்ள செய்தி மக்கள் தொடர்பு அலுவலகத்தில் தொடங்கினால், அடுத்து எங்கே போக வேண்டும் என்றாவது தெரியும்.

காடு: பாபநாசம் சோதனைச் சாவடிக்கு மேலே காரையாறு, சொரிமுத்து அய்யனார் கோயில் என்று போகும் வழி களக்காடு-முண்டந்துறை புலிகள் காப்பகத்துக்குள் இருக்கிறது. ஆடி அமாவாசைக்கு லட்சக்கணக்கில் பக்தர்கள் போகிற வழிதானே என்று நினைத்து, ஒரு அலுவலகத்தில் வாங்கிய கடிதத்தோடு நான் அதிகாலையில் போய் நின்றேன். அந்தக் கடிதம் எங்களை உள்ளே விடத்தான் செல்லும், படம் எடுக்கச் செல்லாது என்று சொல்லித் திருப்பி அனுப்பினார்கள். வண்டி வாடகையும் கேமரா வாடகையுமாக அன்று மட்டும் 9,000 ரூபாய் போயிற்று. வனவிலங்குப் பாதுகாப்புச் சட்டத்தின்படி காப்பகத்துக்குள் படம் எடுக்கத் தலைமை வனவிலங்குக் காப்பாளரின் அனுமதி வேண்டும், அவர் அலுவலகம் சென்னையில் இருக்கிறது. படத்தின் சுருக்கம், வருபவர்களின் பெயரும் அடையாள அட்டை நகலும், கருவிப் பட்டியல், தேதிகள், எந்தெந்த இடம் என்ற விவரம் ஆகியவற்றை ஒன்றாக இணைத்து அனுப்புங்கள். அனுமதி வந்த பிறகு அதன் நகலைக் களத்தில் உள்ள வனச்சரகருக்கு நேரில் கொண்டுபோய்க் கொடுங்கள். சென்னையில் கையெழுத்தானது சாவடியில் இருப்பவருக்குத் தானாகத் தெரிந்துவிடாது.

கோயில்: அறநிலையத் துறைக் கோயில் என்றால் செயல் அலுவலருக்கு எழுத்தில் விண்ணப்பியுங்கள். கருவறையைக் கேட்கவே வேண்டாம். திருச்செந்தூர்க் கோயில் தொடர்பான வழக்கில் உயர்நீதிமன்றத்தின் மதுரைக் கிளை 2022 டிசம்பரில் கோயில்களுக்குள் செல்போனையே தடை செய்யச் சொன்ன பிறகு கெடுபிடி கூடியிருப்பதால், செல்போனில் எடுத்து ஒப்பேற்றிவிடலாம் என்ற கணக்கும் செல்லாது. தேரோட்டமும் சப்பரமும் வெளிவீதியில் நடப்பவை. அதற்குக் காவல் நிலையத்தில் முன்கூட்டியே சொல்லி, கால்தாங்கி வைக்கும் இடத்தையும் கேட்டுவிட்டால் போதுமானதாக இருந்திருக்கிறது.

ரயில் நிலையம்: திருநெல்வேலி சந்திப்பு மதுரைக் கோட்டத்தில் இருக்கிறது, நாங்குநேரியும் வள்ளியூரும் திருவனந்தபுரம் கோட்டத்தில் இருக்கின்றன. இது தெரியாமல் வள்ளியூர் நடைமேடைக்காக மதுரைக்கு எழுதிப் பதில் வரும் என்று மூன்று வாரம் காத்திருந்தேன்.

கடலோரம்: உவரி, மணப்பாடு போன்ற ஊர்களில் அரசு அனுமதி கையில் இருந்தாலும், பங்குத்தந்தையிடமும் ஊர்க் கமிட்டியிடமும் போய்ப் பேசாமல் கேமராவைத் திறக்காதீர்கள். இதற்கு விண்ணப்பப் படிவம் கிடையாது. ஞாயிறு பூசை முடிந்து வெளியே வரும் நேரத்தில் போனால் பேச வேண்டிய எல்லாரும் ஒரே இடத்தில் கிடைப்பார்கள்.

டிரோன்: 2021-ஆம் ஆண்டு டிரோன் விதிகளின்படி, 250 கிராமுக்கு மேற்பட்ட டிரோனுக்குத் தனி அடையாள எண்ணும் மூன்றாம் நபர் காப்பீடும் வேண்டும், பணத்துக்காகப் பறக்கவிடுகிறவரிடம் டிரோன் இயக்குவதற்கான சான்றிதழ் இருக்க வேண்டும், முன் அனுமதி தேவைப்படாத பச்சை மண்டலத்திலும் 400 அடிக்கு மேல் போகக் கூடாது. நம் பக்கத்தில் கூடங்குளம் அணுமின் நிலையம், மகேந்திரகிரி இஸ்ரோ வளாகம், விஜயநாராயணம் கடற்படைத் தளம் மூன்றும் கூப்பிடு தூரத்தில் இருப்பதால், மண்டல வரைபடத்தைப் பார்க்காமல் ராதாபுரம், நாங்குநேரிப் பக்கம் பெட்டியைக்கூடத் திறக்காதீர்கள். கல்யாணத்துக்குப் பறக்கவிடுகிறவரைக் கூட்டிப்போனால் அவருடைய அடையாள எண்ணையும் சான்றிதழையும் முந்தின நாளே வாங்கிப் பாருங்கள். "எல்லாம் பாத்துக்கிடலாம் அண்ணாச்சி" என்று பதில் வந்தால் டிரோன் இல்லாமலே போய்விடுங்கள்.

4. ஒப்புதல் படிவம்

ஒரு பக்கத்துக்கு மேல் போகாமல், தமிழில், படிக்கக்கூடிய எழுத்தளவில் நீங்களே எழுதுங்கள். யார் எடுக்கிறார்கள், எதைப் பற்றிய படம், எங்கெல்லாம் காட்டப்படும், பணம் உண்டா இல்லையா, பிடிக்காவிட்டால் எந்தத் தேதிக்குள் சொல்லி விலகலாம் என்ற ஐந்தும் அதில் இருக்க வேண்டும். பதினெட்டு வயதுக்குக் கீழே என்றால் பெற்றோர் கையெழுத்து வேண்டும். எழுதப் படிக்கத் தெரியாதவருக்குப் படிவத்தை வாசித்துக் காட்டி, அவர் சம்மதம் சொல்வதைக் கேமராவிலேயே பதிந்து, கைநாட்டும் சாட்சிக் கையெழுத்தும் வாங்குங்கள்.

எப்போது நீட்டுவது என்பதில்தான் நான் தவறினேன். பத்தமடையில் கோரைப்பாய் நெய்யும் ஓர் அம்மாவை நான்கு நாள் படம்பிடித்துவிட்டுக் கடைசி மாலையில் படிவத்தை எடுத்தேன். நான்கு நாளாக இல்லாத பயம் அந்தத் தாளைப் பார்த்ததும் அவருக்கு வந்துவிட்டது. மகன் வெளிநாட்டிலிருந்து தொலைபேசியில் வேண்டாம் என்றார், அத்துடன் முடிந்தது. அவர் விரல்கள் ஊடைக் கோரையை ஒதுக்கிச் சேர்க்கிற அண்மைக்காட்சிகள் இன்னும் என் வட்டில் இருக்கின்றன. காட்ட எனக்கு உரிமை இல்லை. முதல் நாள் கேமரா இல்லாமல் போங்கள், தேநீர் குடியுங்கள், படிவத்தைக் கொடுத்துவிட்டு வாருங்கள். வீட்டில் எல்லாரும் பார்த்துப் பேசி முடிவெடுக்க இரண்டு நாள் விடுங்கள்.

5. களத்தில்

கேமரா மெனுவில் நொடிக்கு 25 சட்டங்கள் (ஃபிரேம்கள்) என்றும் ஷட்டரை 1/50 என்றும் முதலிலேயே வைத்துவிடுங்கள். நம் மின்சாரம் 50 ஹெர்ட்ஸ் என்பதால், 30 சட்டத்துக்கு அமைத்து வரும் கேமராவில் டியூப்லைட் வெளிச்சம் துடிதுடித்துப் பதிவாகக்கூடும். பகலில் ஷட்டரை மாற்றாமல் ஒளியைக் குறைக்க, லென்ஸுக்கு முன்னால் சாம்பல் நிற வடிகட்டி (என்.டி. ஃபில்டர்) மாட்டிக்கொள்ள வேண்டும்.

காற்றைப் பற்றி வெளியூர்ப் புத்தகங்கள் போதுமான அளவு சொல்வதில்லை. ஆரல்வாய்மொழி, செங்கோட்டைக் கணவாய்கள் வழியாக வரும் ஆனி, ஆடிக் காற்று, பணகுடியிலும் கயத்தாற்றிலும் காற்றாலைகளைச் சுழற்றும் அதே வேகத்தில் உங்கள் ஒலிவாங்கியையும் அறையும். பஞ்சு உறை போதாது, நீளமான மயிர் உறை வேண்டும். அந்த மாதங்களில் பேட்டிகளை வீட்டுக்குள்ளோ காற்று மறைவான கற்சுவருக்குப் பின்னாலோ வைத்துக்கொள்ளுங்கள். ஒவ்வொரு இடத்திலும் யாரும் பேசாமல் ஒரு நிமிடம் அந்த இடத்தின் ஒலியை மட்டும் பதிந்துகொள்ளுங்கள், படத்தொகுப்பில் பேச்சுக்கு நடுவே ஒட்டுப்போட அது உதவும்.

பனையேறியிடம் சட்டை கிடையாது, ஆகவே சட்டை ஒலிவாங்கியைக் குத்த இடமும் கிடையாது. தலைத்துண்டின் மடிப்பில் வைத்துப் பார்த்தேன். மூச்சும், காலில் மாட்டி ஏறும் தளைநார் மரத்தில் உரசுவதும், கலயத்தில் பதநீர் விழுவதும் அவ்வளவு நெருக்கமாக வந்தன. ஆனால் வியர்வையில் ஒலிவாங்கி இரண்டே நாளில் செத்துப்போனது. அடுத்து வாங்கியதைப் பலூன் ரப்பரில் சுற்றிக் கட்டினேன், பருவம் முழுதும் உழைத்தது. இடுப்பில் கட்டும் அருவாப்பெட்டியிலோ மரத்தில் சாய்த்து ஏறும் முருக்குத்தடியிலோ சின்னக் கேமராவைக் கட்டும் ஆசை உங்களுக்கும் வரும். அவராக முன்வந்து, எடை பார்த்து, சரி என்று சொல்லாமல் கட்டாதீர்கள், மரத்தில் இருக்கும்போது கேள்வியும் கேட்காதீர்கள். "ஏறும்போது கூப்பிடாதலே, எறங்குனதுக்குப் பொறவு கேளு" என்று முதல் நாளே எனக்குச் சொல்லப்பட்டது.

கீழே நின்று அண்ணாந்து எடுத்தால் உள்ளங்காலும் வெளுத்த வானமும்தான் கிடைக்கும். தேரி மேடுகளில் ஒன்றின் மேல் ஏறி நின்று, சூரியனை முதுகுக்குப் பின்னால் வைத்து, 200 மில்லிமீட்டர் லென்ஸில் எடுத்தால் முகம் கிடைக்கும். வெயிலில் உழைத்துக் கறுத்த தோலுக்குக் கேமராவின் தானியங்கி ஒளியளவை நம்பாதீர்கள். வானத்தைக் காப்பாற்றப் போய் அது முகத்தைக் கரியாக்கிவிடும், எனவே முகத்துக்கு அளந்து வைத்துவிட்டு வானம் வெளுத்தால் வெளுக்கட்டும் என்று விடுங்கள். செம்மணலில் கால்தாங்கி மெல்ல மெல்லப் புதையும். மூன்று காலுக்கும் அடியில் ஒவ்வொரு சிரட்டையைக் கவிழ்த்து வைக்க அங்கிருந்த ஒரு சிறுவன்தான் கற்றுக்கொடுத்தான். லென்ஸ் மாற்றுவதென்றால் வண்டிக்குள் கண்ணாடியை ஏற்றிவிட்டு மாற்றுங்கள்.

பதநீர் காய்ச்சும் விடிலிக்குள் போவது தனிச் சோதனை. குளிரூட்டிய காரிலிருந்து நேரே நுழைந்தால் லென்ஸில் ஆவி படிந்துவிடும், இருபது நிமிடம் வெளியே வைத்திருந்து பிறகு கொண்டுபோங்கள். வெண்சமநிலையை (ஒயிட் பேலன்ஸ்) தானியங்கியில் விட்டால் அடுப்பு எரியும்போது ஒரு நிறமும் அணையும்போது ஒரு நிறமுமாக மாறிக்கொண்டே இருக்கும். 3,800 கெல்வின் அளவில் நிறுத்திவிட்டு, தீயின் சிவப்பு சிவப்பாகவே வர விட்டேன்.

திருவிழா எடுக்கிறவர்களுக்கு ஒரு எச்சரிக்கை. குலசேகரப்பட்டினம் தசரா போன்ற கூட்டத்தில் எங்கோ ஒலிபெருக்கியில் சினிமாப் பாட்டு ஓடிக்கொண்டேதான் இருக்கும். அது உங்கள் பதிவில் கலந்துவிட்டால் பாட்டின் உரிமையாளர் கேள்வி கேட்கலாம், பேச்சைக் கெடுக்காமல் பாட்டை மட்டும் பிரித்தெடுப்பதும் எளிதல்ல. விடிவதற்கு முன்னால், ஒலிபெருக்கி செட் போடாத நேரத்தில் மேளத்தையும் குலவையையும் தனியாகப் பதிந்து வைத்துக்கொள்ளுங்கள்.

6. பதிவுகளைப் பத்திரப்படுத்துவது

நொடிக்கு 100 மெகாபிட் வீதத்தில் எடுத்தால் ஒரு மணி நேரத்துக்கு 45 ஜி.பி. ஆகும். நாளுக்கு மூன்று மணி நேரம், பத்து நாள் என்றால் 1,350 ஜி.பி.; ஆக 2 டி.பி. வட்டு இரண்டு வேண்டும். ஒவ்வோர் இரவும் இரண்டிலும் நகலெடுத்து, ஓரிரு துண்டுகளைத் திறந்து ஓட்டிப் பார்த்த பிறகே கேமராவின் நினைவக அட்டையில் உள்ளதை அழியுங்கள். இரண்டு வட்டையும் ஒரே பையில் போட்டுக்கொண்டு பேருந்து ஏறாதீர்கள்.

7. சம்பளமும் கணக்கும்

என் முதல் சம்பளம் நாளுக்கு 1,500 ரூபாய், பேட்டா இல்லை. குறைவு என்பதைவிட, எத்தனை மணி நேரம் ஒரு நாள் என்று எழுதிக்கொள்ளாததுதான் எனக்கு நஷ்டம்; பனையேற்று அதிகாலை நான்கு மணிக்குத் தொடங்கி மாலை ஏற்றத்தோடு முடியும். ஒப்பந்தத்தில் நாள்கணக்கு, வேலை நேரம், பயணமும் சாப்பாடும் யார் பொறுப்பு, கருவிக்குச் சேதம் வந்தால் யார் கொடுப்பது, படப்பிடிப்பு ரத்தானால் எவ்வளவு, பதிவுகள் யாருக்குச் சொந்தம், படத்தில் பெயர் எப்படி வரும் என்பவை இருக்க வேண்டும். மூன்றில் ஒரு பங்கு முன்பணம் வராமல் கருவி வாடகைக்குச் சொல்லாதீர்கள்.

நிறுவனங்கள் தொழில்முறைக் கட்டணத்தில் பத்து விழுக்காடு வரி பிடித்தம் செய்து தருவது வழக்கம். பான் எண் கொடுத்து, ஆண்டுக் கணக்கைத் தாக்கல் செய்தால், வரி வரம்புக்குள் வராத வருமானம் உள்ளவருக்கு அது திரும்பக் கிடைக்கும்; நான் இரண்டாண்டு தாக்கல் செய்யாமல் விட்டேன். சிறு தொழில்களுக்கான உத்யம் பதிவு அரசுத் தளத்தில் இலவசம், ஆகவே அதற்குக் கட்டணம் கேட்கும் தளம் எதுவானாலும் மூடிவிடுங்கள்.

8. முடிந்த படத்தை யாருக்கு முதலில் காட்டுவது

அரங்கில் பொதுமக்களுக்குத் திரையிட வேண்டுமானால் தணிக்கைச் சான்றிதழ் வேண்டும், மண்டல அலுவலகம் சென்னையில் இருக்கிறது. திரைப்பட விழாக்களில் காட்டுவதற்கு விழா நடத்துகிறவர்களே மத்திய அரசிடம் விலக்குப் பெறுவது வழக்கம். நமக்குப் பக்கத்து விழா, கேரள அரசின் சலச்சித்திர அகாதமி திருவனந்தபுரத்தில் நடத்தும் சர்வதேச ஆவணப்பட, குறும்பட விழா. படம் அனுப்பாவிட்டாலும் ஒரு முறை பார்வையாளராகப் போய் வாருங்கள். அனுப்புவதானால் ஆங்கிலத் துணைவசனத்துக்குத் தனியாக இரண்டு வாரம் வைத்துக்கொள்ளுங்கள்.

ஆனால் எந்த விழாவுக்கும் முன்னால், யாரை எடுத்தீர்களோ அவர்களுக்குப் போட்டுக் காட்டுங்கள். விடிலிச் சுவரில் வேட்டியைக் கட்டி என் படத்தைப் போட்டபோது, பாளையைச் சீவிக் கலயத்தைக் கட்டும் காட்சி வந்ததும், படத்தில் வந்த பனையேறி அண்ணாச்சி நிறுத்தச் சொன்னார். "சுண்ணாம்பு தடவாம கலயத்தக் கட்டுனா அது கள்ளுல்லா? இதப் பாத்துட்டு போலீஸ்காரன் என்னையல்லா வந்து புடிப்பான்." கலயத்தின் உட்புறம் சுண்ணாம்பு தடவினால்தான் அது பதநீர், தடவாவிட்டால் புளித்துக் கள்ளாகிவிடும், கள் இறக்குவதோ தமிழ்நாட்டில் குற்றம். அவர் தடவியதை நான் எடுத்துத்தான் இருந்தேன். அழகாக இல்லை என்று படத்தொகுப்பில் நீக்கியிருந்தோம். அந்த நான்கு நொடியைத் தேடி எடுத்துச் சேர்த்து, ஒலியைச் சரிசெய்து, மறுபடி கோப்பாக்க ஆறு நாள் பிடித்தது. உங்கள் கால அட்டவணையில் விழாவுக்கு அனுப்பும் கடைசித் தேதிக்கு முன்பாக ஒரு வாரத்தை இதற்கென்று விட்டுவையுங்கள்.